பக்கவாத்தியக்காரரும் நம் விமர்சகர்களும்

கோடம்பாக்கத்து அகராதியில் 'துணை நடிகர்' என்றால் கும்பலில் நிற்கிறவர். கல்யாணக் காட்சியில் பந்தியில் உட்காருகிறவர், சந்தையில் கூடையோடு குறுக்கே போகிறவர், கதாநாயகனிடம் வரிசையாக அடி வாங்கி விழுகிறவர். வார்த்தை இப்படிச் செலவாகிவிட்டதால், கதையில் பெயரும் வசனமும் உள்ள, ஆனால் கதாநாயகனாக இல்லாத நடிகனுக்கு வேறொரு வார்த்தை தேவைப்பட்டது. 'குணச்சித்திர நடிகர்' என்றார்கள். முதலில் சொன்னவர் யாரோ, தம்மை அறியாமலேயே ஒரு உண்மையைக் கக்கிவிட்டார். இவர்களெல்லாம் குணச்சித்திர நடிகர்கள் என்றால், கதாநாயகனாக வருகிறவர் குணமோ சித்திரமோ இல்லாதவர் என்றுதானே ஆகிறது? ஆகத்தான் செய்கிறது. தமிழ்ப் படக் கதாநாயகனுக்கு இருப்பது நற்குணங்களின் ஜாபிதா. தாயை வணங்குவான், ஏழைக்கு இரங்குவான், பெண்ணுக்குப் புத்தி சொல்வான். அவன் ஒரு பிரகடனம். மனிதர்களாக நடமாடும் பொறுப்பு மற்றவர்கள் தலையில் விடப்பட்டிருக்கிறது.

அந்தப் பொறுப்பை முப்பத்தாறு வருஷம் சுமந்தவர் டி. எஸ். பாலையா. 1914-ல் தூத்துக்குடிப் பக்கம் சுண்டங்கோட்டையில் பிறந்தவர். நாடக மேடையிலிருந்து வந்து, 1936-ல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'யில் முதலில் படத்தில் தோன்றினார். 1972 ஜூலை 22-ல் இறந்தார். இடையில் வில்லன், நண்பன், சேட்டு, அண்ணன், அப்பா, பாகவதர், தவில்காரர். இந்த உழைப்பைப் பற்றி எழுதப்பட்டவற்றை இரண்டு வகையாகப் பிரிக்கலாம். முதல் வகை தினசரிகளின் ஞாயிற்றுக்கிழமை இணைப்புகளுக்கு உரியது. பிறந்த தேதி, படங்களின் பட்டியல், இரண்டு துணுக்கு, முடிவில் 'அந்த மாதிரி நடிகர்கள் இனி வருவார்களா' என்று ஒரு பெருமூச்சு. இதன் வாரிசுதான் இன்று கைபேசியில் ஓடும் மூன்று நிமிஷத் துண்டு. படத்திலிருந்து காட்சியை அறுத்து, காட்சியிலிருந்து முகத்தை அறுத்து, கீழே யாரோ ஒருவருடைய சிரிப்பை ஒட்டிவிடுகிறார்கள்.

இரண்டாவது வகை, எழுதப்படாதது. அது நம்முடையது. இலக்கியம், நவீன ஓவியம், உலக சினிமா என்று பேசுகிற நாம் தமிழ் சினிமாவை ஒரே வாக்கியத்தில் குப்பை என்று தள்ளிவிட்டு ரேயிடமும் பெர்க்மனிடமும் குரோசாவாவிடமும் போய்விட்டோம். படங்கள் பெரும்பாலும் குப்பைதான். அதில் எனக்குத் தகராறு இல்லை. ஆனால் குப்பை என்று சொல்வதற்கும் கண்ணை மூடிக்கொள்வதற்கும் வித்தியாசம் தெரிய வேண்டும். மோசமான கவிதையில் நல்ல வரி இருந்தால் மோப்பம் பிடிக்கிற விமர்சகப் புலிகளுக்கு, மோசமான படத்தில் ஒரு நல்ல நடிகன் நிற்பது ஏன் தெரியாமல் போனது? காரணம் எளிது. ஜனங்கள் சிரித்துக்கொண்டிருந்தார்கள். ஜனங்கள் சிரிக்கிற இடத்தில் கலை இருக்காது என்பது நம்மிடையே விசாரணையில்லாமல் ஏற்றுக்கொள்ளப்பட்ட வேதம்.

ரசிகனும் விமர்சகனும் ஒன்றுபடுகிற இடமும் உண்டு. இருவருமே பேசுகிறவனைத்தான் பார்க்கிறார்கள். ஒருவன் கைதட்டப் பார்க்கிறான், மற்றவன் திட்டப் பார்க்கிறான். கேட்டுக்கொண்டிருப்பவனை இருவரும் பார்ப்பதில்லை.

'பராசக்தி' (1952) நீதிமன்றக் காட்சியை எடுத்துக்கொள்வோம். அந்த வசனத்தை மனப்பாடமாக ஒப்பித்த ஒரு தலைமுறையே தமிழ்நாட்டில் இருந்தது. எதிர்த்தவர்களும் அந்த வசனத்தைத்தான் எதிர்த்தார்கள். கூண்டில் நிற்பவன் சிவாஜி கணேசன். நீதிபதி நாற்காலியில் இருப்பவர் எஸ். வி. சகஸ்ரநாமம். கதைப்படி அவர் குற்றவாளியின் அண்ணன். அது அவருக்குத் தெரியாது. தெரியாத ஒன்று தெரியவருவதை அவர் முகம் சுமக்க வேண்டியிருக்கிறது. அந்த முகம் இல்லாவிட்டால் அது நீதிமன்றமல்ல, மேடைப்பேச்சு. பேச்சை மட்டும் எடுத்துக்கொண்டு போய்விட்டோம். இந்த சகஸ்ரநாமத்தை இலக்கியக்காரர்களுக்கு வேறு விதமாக நன்றாகத் தெரியும். அவருடைய சேவா ஸ்டேஜில்தான் பி. எஸ். ராமையாவின் 'தேரோட்டி மக'னும் தி. ஜானகிராமனின் 'நாலு வேலி நில'மும் மேடையேறின. எழுத்தாளர்களுக்கு இடம் கொடுத்தவர் என்று அவருக்கு நன்றி சொல்வார்கள். நடிகர் என்ற முறையில் அவர் என்ன செய்தார் என்று கேட்டால் திருதிருவென்று விழிப்பார்கள்.

நம் நடிப்பு, ஒலிபெருக்கி இல்லாத மேடையிலிருந்து வந்தது. பாய்ஸ் கம்பெனிகளில் வளர்ந்தவர்களுக்குக் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி முன்னால் பார்த்துப் பேசுவதே முதல் பாடம். எதிரே நிற்கும் பாத்திரத்திடம் பேசுவதாகப் பாவனை. உண்மையில் பேசுவது டிக்கெட் வாங்கியவனிடம். சினிமா வந்தபிறகும் முகம் திரும்பவில்லை. திராவிட இயக்க வசனகர்த்தாக்கள் வந்ததும் அதற்கு ஒரு கொள்கை பலமும் கிடைத்துவிட்டது. கதாநாயகன் சொல்லி முடிக்கும்வரை எதிரில் நிற்பவர் மேஜை நாற்காலி போல நிற்க வேண்டும். பலர் அப்படித்தான் நின்றார்கள். சம்பளம் அதற்குத்தான். நிற்க மறுத்த சிலர் இருந்தார்கள். அவர்கள் முரண்டு பிடிக்கவில்லை, வசனத்தைக் கூட்டிக் கேட்கவில்லை. சொல்லப்பட்டதைக் காதில் வாங்கினார்கள். பாலையா வாங்கினார்.

'சதி லீலாவதி'யிலேயே இது தொடங்குகிறது. எஸ். எஸ். வாசன் ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதை அது. எம். கே. ராதா கதாநாயகன். அவனைக் குடிக்குப் பழக்கி, அவன் மனைவி மேல் கண் வைக்கிற நண்பன் பாலையா. அக்காலத்து வில்லனுக்குப் புருவமும் மீசையும் போதும். சிரித்தால் கொட்டகை நடுங்க வேண்டும். நண்பனாக வருகிற வில்லனுக்கு அந்த வசதி இல்லை. எதிரே இருப்பவன் நம்பும்படி அவன் சிரித்தாக வேண்டும். அடுத்த வருஷம் டங்கனின் 'அம்பிகாபதி'யில் தளபதி ருத்ரசேனன். தியாகராஜ பாகவதர் பாடுவதற்கென்றே எடுக்கப்பட்ட படம். அதில் பாடாதவனுக்கு என்ன வேலை? பாகவதர் பாடிக்கொண்டிருக்கும்போது பொறாமைப்படுவதுதான் வேலை. அதுவும் ஒரு வகைக் கேட்டல்.

'சதி லீலாவதி'யில் சிறு வேடத்தில், போலீஸ் இன்ஸ்பெக்டராக, இன்னொருவரும் அறிமுகமானார். பதினொரு வருஷம் கழித்து 1947-ல் 'ராஜகுமாரி'யில் எம். ஜி. ராமச்சந்திரன் கதாநாயகன், அதே படத்தில் பாலையா கதாநாயகன் இல்லை. 1956-ல் 'மதுரை வீர'னிலும் அப்படியே. 1972 அக்டோபரில் எம்.ஜி.ஆர். தனிக்கட்சி தொடங்கியபோது பாலையா இறந்து மூன்று மாதம் ஆகியிருக்கவில்லை. 1977-ல் அந்த இன்ஸ்பெக்டர் முதலமைச்சர். இதில் நான் யாரையும் குறை சொல்லவில்லை. ஒரே வாசலில் நுழைந்த இரண்டு நடிகர்களில் ஒருவர் தம் பிம்பத்தை வருஷத்துக்கு வருஷம் கெட்டிப்படுத்திக்கொண்டே போனார். மற்றவர் ஒவ்வொரு படத்திலும் இன்னொரு ஆளானார். நம் சமூகம் எதற்கு ஓட்டுப் போடும் என்பதில் எப்போதும் சந்தேகம் இருந்ததில்லை. துணை நடிகன் ஒருவன் சரித்திரத்தில் இடம்பெற வேண்டுமென்றால் 1967 ஜனவரி 12-ல் எம். ஆர். ராதா செய்ததுபோலத் துப்பாக்கியைத்தான் தூக்க வேண்டியிருக்கிறது. 'ரத்தக்கண்ணீர்' போதவில்லை.

இனி, எல்லாருக்கும் தெரிந்த காட்சிக்கு வருவோம். தெரிந்தது என்பதாலேயே யாரும் பார்க்காத காட்சி.

ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை' (1964). சினிமாப் படம் எடுக்கக் கிளம்பியிருக்கும் செல்லப்பா, பணக்கார அப்பா விஸ்வநாதனுக்குத் தன் பேய்க்கதையைச் சொல்கிறான். செல்லப்பா நாகேஷ். கதவு கிறீச்சிடுவதிலிருந்து எல்லாச் சத்தங்களும் அவர் வாயிலிருந்தே வருகின்றன. அவருடைய சாமர்த்தியத்தைப் பற்றி அறுபது வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். சொல்லட்டும், நியாயமான புகழ். ஆனால் கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டும். அந்தக் கதையில் கதையே கிடையாது. சத்தமும் சைகையும்தான் இருக்கின்றன. பேயை நாம் எங்கே பார்க்கிறோம்? பாலையாவின் முகத்தில் பார்க்கிறோம். நாகேஷ் உண்டாக்குவது சத்தத்தை. பயத்தை உண்டாக்குவது பாலையா.

எப்படி உண்டாக்குகிறார் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. எடுத்த எடுப்பில் பயந்துவிட்டால் அது கோமாளித்தனம். இவர் பயப்பட மறுப்பதிலிருந்து ஆரம்பிக்கிறார். மகன் உளறுகிறான், பணம் பறிக்க வந்திருக்கிறான், நான் ஏமாறமாட்டேன் என்ற பணக்காரத் தகப்பனின் முறுக்கு முதலில். பிறகு, சரி, சொல்லித் தொலை என்கிற சலிப்பு. அந்தச் சலிப்பில் எங்கோ ஒரு ஓட்டை விழுகிறது. எங்கே விழுந்தது என்று பார்ப்பவனுக்குத் தெரியாது. திடீரென்று கவனிக்கும்போது அந்த மனிதர் ஏற்கெனவே கதைக்குள் இருக்கிறார். எழுந்து போகவும் முடியவில்லை, உட்காரவும் முடியவில்லை. எஸ்டேட், அந்தஸ்து, அப்பா என்ற அதிகாரம் எல்லாம் உதிர்ந்து, இருட்டில் பாட்டியிடம் கதை கேட்ட பையன் மிஞ்சுகிறான். நாம் சிரிக்கிறோம்; அவர் சிரிக்க வைக்கவில்லை. அந்தப் பாத்திரம் நிஜமாகவே பயந்துபோயிருக்கிறது என்பதுதான் சிரிப்புக்குக் காரணம். பாலையா ஒரு கணம் கண்ணைச் சிமிட்டி 'நான் பயப்படுவதாக நடிக்கிறேன் பாருங்கள்' என்று கொட்டகைக்குச் சொல்லியிருந்தால் எல்லாம் கவிழ்ந்திருக்கும். நம் நகைச்சுவை நடிகர்களில் பெரும்பாலோர் செய்வது அந்தக் கண்சிமிட்டல்தான்.

ஸ்ரீதரே இதை 1966-ல் இந்தியில் 'பியார் கியே ஜா' என்று மறுபடியும் எடுத்தார். கதை சொல்பவர் மெஹ்மூத், கேட்பவர் ஓம் பிரகாஷ். ஓம் பிரகாஷும் சாமானியப்பட்டவரல்ல. வாழ்நாள் முழுவதும் அப்பாவாகவும் மாமாவாகவும் அடுத்த வீட்டுக்காரராகவும் இந்திப் படங்களைத் தாங்கியவர். ஃபிலிம்ஃபேர் பத்திரிகை அப்போது நகைச்சுவைக்கென்று புதிதாக ஒரு விருது வைத்தது. அது மெஹ்மூதுக்குப் போயிற்று. பம்பாயிலும் சொன்னவனுக்குத்தான் மாலை.

இந்த இடத்தில் நம் ரே பக்தர்கள் இருமுவது காதில் விழுகிறது. ஒரு வியாபாரத் தமாஷ் படத்தை வைத்துக்கொண்டு இவ்வளவு ஆர்ப்பாட்டமா? அவர்களிடம் ரேயைப் பற்றியே பேசலாம். வங்காளப் படங்களில் துளசி சக்கரவர்த்தி என்று ஒரு நடிகர் இருந்தார். காலமெல்லாம் சில்லறை வேடங்கள். அவரும் 'ஜனங்கள் சிரிக்கிற' வகை. 'பாதேர் பாஞ்சாலி'யில் (1955) மளிகைக்கடையையும் பள்ளிக்கூடத்தையும் ஒரே திண்ணையில் நடத்துகிற வாத்தியார் அவர்தான். உப்பும் பருப்பும் நிறுத்துக்கொண்டே பிள்ளைகளுக்குப் பாடம் சொல்கிற அந்தச் சில நிமிஷங்களைப் பார்த்து நம்மவர்கள் யதார்த்தம் என்று உருகினார்கள். யதார்த்தம் வானத்திலிருந்து இறங்கவில்லை. வணிக சினிமாவில் அத்தனை காலம் தேய்ந்த ஒரு முகத்திலிருந்து வந்தது. ரே அதோடு விடவில்லை. 1958-ல் 'பரஷ் பாதர்' எடுத்தபோது, பரசுராமின் கதையில் வரும் ஏழை குமாஸ்தாவாக, படத்தின் மைய பாத்திரமாக, துளசி சக்கரவர்த்தியை வைத்தார். மழையில் கையில் கிடைத்த கல் இரும்பைத் தங்கமாக்குகிறது என்று அந்த வழுக்கைத்தலை குமாஸ்தா உணர்கிற முகத்தைப் பாருங்கள். மூன்று வருஷம் கழித்து அந்த நடிகர் ஏழையாகவே செத்துப்போனார். அது வங்காளத்தின் வெட்கம். ஆனால் ரே பார்த்தார். தன் ஊர் வணிகப்படங்களைக் கண்ணைத் திறந்துகொண்டு பார்த்ததால்தான் பார்த்தார். நீங்கள் ரேயைப் படித்தீர்கள், ரே பார்த்ததைப் பார்க்கவில்லை.

தமிழில் யாரும் பார்க்கவில்லையா என்றால், அரைகுறையாகப் பார்த்தார்கள். கே. பாலசந்தர் எழுதிய 'சர்வர் சுந்தர'த்தில் (1964) நாகேஷ் கதாநாயகன்; பிறகு 'நீர்க்குமிழி', 'எதிர்நீச்சல்'. பாலையாவுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. பாலசந்தரின் 'பாமா விஜய'த்தில் (1967) மட்டும் அவர் மையத்துக்குப் பக்கத்தில் வருகிறார். ஒரு சினிமா நடிகை அடுத்த வீட்டுக்குக் குடிவருகிறாள். மூன்று மகன்களும் மூன்று மருமகள்களும் அந்தஸ்து காட்டக் கடன் வாங்கிக் கூத்தடிக்கிறார்கள். குடும்பமே ரசிகர் மன்றமாக மாறிவிட்ட வீட்டில், மாறாமல் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கும் கிழவர் பாலையா. பாலசந்தருக்குத் தெரிந்துதான் செய்தாரா என்பது வேறு விஷயம்.

குறைகளையும் சொல்லிவிட வேண்டும். இது இரங்கல் கூட்டமல்ல. பாலையா நடித்தவற்றில் பாதிக்கு மேல் யாருக்கும் தேவையில்லாதவை. ஒரே பணக்கார அப்பாவை நாலைந்து படங்களில் வேட்டி மாற்றி உடுத்தியிருக்கிறார். கடைசி எழுத்தை இழுத்துவிடுகிற அந்தப் பேச்சு, இயக்குநர் கண்டுகொள்ளாத இடங்களில் வெறும் முத்திரையாக நின்றுவிடுகிறது. ஆனால் 'வேலைக்காரி'யில் (1949), வஞ்சம் தீர்க்கத் துடிக்கும் நாயகனை நிறுத்தி வேறு வழி காட்டுகிற நண்பன் மணியாக வரும்போது, அதே இழுப்பு ஒரு மனிதன் யோசித்துப் பேசுவதாக மாறியிருக்கிறது. அண்ணாதுரையின் வசனத்தை யோசித்துப் பேசுவது லேசான காரியமல்ல. அது ஓடச் சொல்கிற வசனம். 'பாகப்பிரிவினை'யில் (1959) இவரும் எஸ். வி. சுப்பையாவும் அண்ணன் தம்பி. வீட்டை இரண்டாகப் பிரிக்கும் கதையில் சிவாஜியின் முடங்கிய கை எல்லார் கண்ணிலும் பட்டது. வீடு பிரிவது எங்கே தெரிகிறது என்றால் இந்த இரண்டு கிழவர்களிடம்தான் தெரிகிறது.

ஏ. பி. நாகராஜனின் 'திருவிளையாட'லுக்கு (1965) வருகிறேன். பரஞ்சோதி முனிவரின் விறகு விற்ற படலம். ஹேமநாத பாகவதர் பாண்டியன் சபைக்கு வந்து எல்லாரையும் வென்று, இந்த நாடே என் பாட்டுக்கு அடிமை என்று எழுதிக்கொடுக்கச் சொல்கிறார். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, உடம்பு பாலையாவுடையது. இன்னொருவர் குரலுக்கு வாயசைப்பது நம் சினிமாவில் எல்லாரும் செய்கிற வேலைதான். பெரும்பாலோர் உதட்டைத்தான் அசைக்கிறார்கள். பாலையா கர்வத்தை அசைக்கிறார். ஒவ்வொரு சங்கதி முடிந்ததும் சபையை ஒரு பார்வை. இது உனக்குப் புரிந்ததா, புரியாது, பரவாயில்லை, அடுத்ததைக் கேள் என்கிற பார்வை. நம் சபாக்களில் வித்வான்களைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பார்வை அந்நியமில்லை.

பிறகு இரவு. திண்ணையில் விறகுவெட்டியாகச் சிவன் பாடுகிறார். அந்தப் பாட்டு முழுக்க சிவாஜி கணேசனுடையது. சிவாஜியே பாடுகிறார், சிவாஜியே வாசிக்கிறார், சிவாஜியே மிருதங்கம், உலகமே நின்றுபோகிறது. தந்திரக் காட்சிகளுக்கெல்லாம் கைதட்டல் உண்டு. ஆனால் கதைக்கு வேண்டியது வேறு. பாடுவது கடவுள், அவர் நன்றாகப் பாடுவதில் என்ன ஆச்சரியம்? ஒரு மனிதன், தன் வித்தையின் எல்லையைத் தானே கேட்டு அறிகிறான் என்பதுதான் சம்பவம். வீட்டுக்குள் இருக்கிற ஹேமநாதருக்கு இசை தெரியும் என்பதுதான் அவருடைய தண்டனை. தெரியாதவனாக இருந்தால் தூங்கியிருப்பான். பாணபத்திரர் வேண்டாமென்று தள்ளிய சீடனே இப்படிப் பாடினால் என்று கணக்குப் போட்டு, விடிவதற்குள் ஊரைவிட்டு ஓடுகிறாரே, அந்த அவமானத்தில் ஒரு நல்ல ரசிகனின் நேர்மை இருக்கிறது. பாலையா அதைக் காட்டுகிறார். சபையில் மற்றவர்களைக் கேட்க வைத்த அதே முகம் இப்போது கேட்கிறது. படத்தில் சிவனுக்கு ஆயிரம் வசனம். எனக்கு இந்தத் தோற்றுப்போன ஆள்தான் மனசில் நிற்கிறார்.

அரசாங்கம் இந்தத் துறையை எப்படிப் பார்த்தது என்பதையும் சொல்ல வேண்டும். தேசிய விருதில் சிறந்த நடிகருக்குப் பரிசு 1967-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து உண்டு. துணை நடிகருக்கு 1984-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் முதன்முதலாகக் கொடுத்தார்கள். அதற்குள் பாலையா போய்ப் பன்னிரண்டு வருஷம். முதல் பரிசு ரேயின் 'கரே பைரே'யில் நிகிலேஷாக நடித்த விக்டர் பானர்ஜிக்கு. தாகூரின் நாவலில் நிகிலேஷ் துணைப் பாத்திரம் என்று கண்டுபிடித்த மேதைகள் யாரோ! அவன் மூன்று தூண்களில் ஒருவன். சத்தம் போடாதவன், மனைவி பேசுவதையும் நண்பன் பேசுவதையும் கேட்டுக்கொண்டிருப்பவன், ஆகவே துணை. நாகேஷ் தம் ஆயுளில் வாங்கிய ஒரே தேசிய விருதும் இதுதான்; 1994-ல் 'நம்மவர்' படத்தில் மகளைச் சாகக் கொடுத்த தகப்பனுக்காக.

2011-ஆம் ஆண்டுப் படங்களுக்கான விருதில் இந்த அபத்தம் உச்சத்துக்குப் போயிற்று. 'அழகர்சாமியின் குதிரை'. பாஸ்கர் சக்தியின் கதை, சுசீந்திரன் படம். அழகர்சாமியாக நடித்தவர் அப்புக்குட்டி. படத்தின் பெயரே அந்தப் பாத்திரத்தின் பெயர். அவருக்குக் கொடுக்கப்பட்டது சிறந்த துணை நடிகர் விருது. யாருக்குத் துணை? குதிரைக்கா? குட்டையாக, கறுப்பாக, உருண்டையாக இருக்கிறவன் எங்கே நின்றாலும் அது ஓரம்தான் என்று நம் கண்கள் தீர்மானித்து வைத்திருக்கின்றன. விருதுக் குழு அந்தத் தீர்மானத்தைச் சான்றிதழில் எழுதிக் கொடுத்தது. இதை யாரும் ஒரு விவாதமாக ஆக்கவில்லை. தமிழனுக்கு விருது கிடைத்ததே என்று மகிழ்ந்தோம்.

சங்கீதத்தில் இதற்கு ஒரு வார்த்தை இருக்கிறது: பக்கவாத்தியம். அங்கேயும் சம்பளத்தில், போஸ்டரில், உட்காருகிற இடத்தில் தகராறுகள் உண்டு. நான் அந்த உலகத்தைப் புனிதப்படுத்த வரவில்லை. ஆனால் பக்கவாத்தியத்தைக் காது கொடுத்துக் கேட்கிற ஒரு ரசிகக் கூட்டம் அங்கே உருவானது. நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளை 'ஸ்பெஷல் தவில்' என்றால் அதற்காகவே ஜனங்கள் வருவார்கள். யாழ்ப்பாணம் தட்சிணாமூர்த்தி தவிலை எடுத்தால் நாதஸ்வரக்காரரைவிட அவரைத்தான் பேசுவார்கள். கிராமத்துக் கோவில் வாசலில் விடிய விடிய உட்கார்ந்து கேட்டவர்களுக்கு இருந்த இந்த நுட்பம், சினிமாவைப் பற்றி எழுத வந்த பட்டதாரிகளுக்கு இல்லாமல் போய்விட்டது.

கொத்தமங்கலம் சுப்புவின் 'தில்லானா மோகனாம்பா'ளை நாகராஜன் 1968-ல் படமாக்கியபோது தவில் முத்துராக்குவாக பாலையாவை வைத்தது வெறும் தற்செயலாக இருக்கலாம். இருந்தாலும், வாழ்நாள் முழுவதும் பக்கவாத்தியம் வாசித்த நடிகன் பக்கவாத்தியக்காரராகவே வந்து உட்காருகிறார். சிக்கல் சண்முகசுந்தரம் கோபித்துக்கொண்டு எழுந்துபோவார், அவமானப்படுவார், காதலிப்பார். பின்னாலேயே தவிலைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியவர் முத்துராக்கு. ஒரு கலைஞனின் அகங்காரத்துக்குப் பக்கத்தில் குடியிருப்பது என்ன என்று இந்தப் பாத்திரத்துக்குத் தெரியும். பிரியமும் அலுப்பும் ஒரே முகத்தில் இருக்கின்றன. தட்டிக்கொடுக்கவும் வேண்டும், தாளம் தப்பாமலும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கையில் காயம்பட்டுத் தேறிய சண்முகசுந்தரம் வாசிக்க, மோகனா ஆடிக்கொண்டே நலம் விசாரிக்கிற காட்சி இருக்கிறதே, அதைப் பற்றிப் பத்மினியின் கண்களையும் சிவாஜியின் கன்னத்தையும் வைத்துப் பக்கம் பக்கமாக எழுதியாயிற்று. கேள்வி நடனத்திலிருந்து நாதஸ்வரத்துக்குப் போகிறது. நாதஸ்வரம் வாயில் இருப்பதால் சிவாஜியால் பதில் சொல்ல முடியாது. பக்கத்தில் தவில்காரர் உட்கார்ந்திருக்கிறார். ஆயிரம் பேர் கூடியிருக்கும் சபையில் அந்தரங்கமான ஒரு பேச்சு நடக்கிறது என்று கண்டுகொண்டவர் அவர். கண்டுகொண்டது தெரியாமல் இருக்க வேண்டும். கையும் நிற்கக் கூடாது. அவர் ஒரு பார்வை பார்க்கிறார். அந்தப் பார்வை வழியாகத்தான் நாம் அந்த அந்தரங்கத்துக்குள் போகிறோம். இல்லாவிட்டால் நாமும் சபையில் ஆயிரத்தோடு ஒருவர்தான்.

இதெல்லாம் மிகை, ஒரு வணிக நடிகனுக்கு இத்தனை விளக்கமா என்று நினைக்கிறவர்கள் மறுத்து எழுதலாம். இந்தப் பத்திரிகையில் இடம் கிடைக்கும். எழுதுவதற்குமுன் படங்களைப் பார்த்துவிட வேண்டும் என்பது மட்டும் என் நிபந்தனை. கைபேசித் துண்டு போதாது, முழுப்படம். கதாநாயகன் பேசும்போது அவனை விட்டுவிட்டு மற்றவனைப் பார்த்துக்கொண்டு.